பஃபலோ நான்கு முறை தோற்றது ஏன்?

1991 ஜனவரி முதல் 1994 ஜனவரி வரை, அமெரிக்கத் தொழில்முறை ஃபுட்பாலின் இறுதி ஆட்டமான சூப்பர் பௌலில் ஒரே அணி தொடர்ந்து நான்கு ஆண்டுகள் ஆடியது. அந்த லீகில் வேறெந்த அணிக்கும் அது கைகூடவில்லை. நான்கிலும் தோற்றதும் அதே அணிதான்: நியூயார்க் மாநிலத்தின் மேற்குக் கோடியில், ஈரி ஏரிக்கரையில் இருக்கும் பஃபலோ நகரத்தின் பில்ஸ்.

ஏன் என்ற கேள்விக்கு முப்பது ஆண்டுகளுக்கும் மேலாக விடைகள் வந்துகொண்டே இருக்கின்றன. ஒரு உதை தவறியதுதான் காரணம் என்றார்கள் சிலர். ஆட்டமுறையே பிழை என்றார்கள் வேறு சிலர். எதிரணிகள் பலமானவை, மன உறுதி போதவில்லை, ஊருக்கே ராசியில்லை என்றெல்லாம் சொல்லப்பட்டது. இவற்றில் பெரும்பாலானவை நான்கு தோல்விகளையும் ஒரே நிகழ்ச்சியாகப் பாவித்து ஒற்றைக் காரணம் தேடுகின்றன. இந்த விவாதம் முழுவதிலும் உள்ள பெரிய பலவீனம் அந்தத் தேடல்தான் என்று தோன்றுகிறது.

நடந்தது என்ன

பில்ஸ் அந்த நான்கு பருவங்களின் 64 வழக்கமான ஆட்டங்களில் 49ஐ வென்றது. அதன் பிறகு இறுதிக்கு முன்பான நாக்-அவுட் ஆட்டங்கள் ஒன்பது, ஒன்பதிலும் வெற்றி. பிறகு இறுதி ஆட்டம்.

1991 ஜனவரி 27, டாம்பா: நியூயார்க் ஜயன்ட்ஸிடம் 20-19. 1992 ஜனவரி 26, மினியாபொலிஸ்: வாஷிங்டனிடம் 37-24. 1993 ஜனவரி 31, கலிஃபோர்னியாவின் பாசடீனா: டாலஸ் கௌபாய்ஸிடம் 52-17. 1994 ஜனவரி 30, அட்லான்டா: மீண்டும் டாலஸிடம் 30-13. கூட்டிப் பார்த்தால் 139-73.

இந்த ஆட்டத்தைப் பார்த்துப் பழகாதவர்களுக்கு ஒரு வார்த்தை. பந்தை வைத்திருக்கும் அணிக்கு நான்கு முயற்சிகள். அதற்குள் 10 யார்டு முன்னேறினால் மறுபடியும் நான்கு. எல்லைக்கோட்டைக் கடந்தால் டச்டவுன், 6 புள்ளி. அதன்பின் ஒரு கூடுதல் உதைக்கு 1. முன்னேற வழியில்லாதபோது கம்பங்களுக்கு நடுவே பந்தை உதைத்து அனுப்பினால் ஃபீல்டு கோல், 3 புள்ளி. தாக்குவதற்கு ஒரு பதினொருவர், தடுப்பதற்கு வேறு பதினொருவர். ஆகவே ஒரு பாதி ஆடும்போது மறுபாதி ஓய்வெடுக்கிறது. இந்தச் சின்ன உண்மை பின்னால் தேவைப்படும்.

ஒரு உதையின் கதை

மிகப் பழைய விடை, மிகச் சுருக்கமானதும்கூட. முதல் இறுதி ஆட்டத்தில் 20-19 என்று ஒரு புள்ளி பின்தங்கியிருந்த பில்ஸுக்கு, 8 விநாடிகள் மிச்சமிருந்தபோது 47 யார்டு ஃபீல்டு கோல் வாய்ப்பு கிடைத்தது. ஸ்காட் நார்வுட் உதைத்தார். உயரம் போதும், தூரமும் போதும். பந்து மட்டும் உள்ளே வளையாமல் வலது கம்பத்துக்கு வெளியே போயிற்று. தொலைக்காட்சி வர்ணனையாளர் அல் மைக்கேல்ஸ் அப்போது சொன்ன இரண்டு சொற்கள், ‘வைட் ரைட்’, அந்த ஊரில் இன்றும் விளக்கம் தேவைப்படாத பெயராக நிற்கின்றன.

இந்த விடையின் கவர்ச்சி புரிகிறது. ஒரு முகம், ஒரு கணம், ஒரு புள்ளி. அந்த ஒன்று மட்டும் உள்ளே போயிருந்தால் அடுத்தடுத்த தோல்விகளும் வந்திருக்காது என்ற நீட்சியும் இதோடு சேர்ந்தே வரும். 1998இல் வின்சென்ட் காலோ எடுத்த ‘பஃபலோ 66’ படத்தில் வரும் உதைகாரரின் பெயரே ஸ்காட் வுட். கதை அந்த அளவுக்கு ஊறிப்போயிருந்தது.

ஆனால் கணக்கு வேறு சொல்கிறது. அந்தக் காலத்தில் 40 யார்டுக்கு மேற்பட்ட உதைகள் லீக் முழுவதிலும் ஏறக்குறைய பத்துக்கு ஆறு என்ற விகிதத்தில்தான் உள்ளே போயின. நார்வுட் செயற்கைத் தரையில் ஆடிப் பழகியவர். டாம்பாவில் இருந்தது இயற்கைப் புல். 47 யார்டு அவருடைய எல்லைக்கு மிக அருகில் இருந்த தூரம். அதைத் தவறவிட்டவரைக் குற்றவாளி என்பதைவிட, ஆட்டத்தை அந்த உதைவரை இழுத்துக்கொண்டு வந்தது எது என்று கேட்பதே நியாயம். அவருடைய அணியினர் பலரும் அன்றிலிருந்து இதையே சொல்லி வந்திருக்கிறார்கள். மறுநாள் பஃபலோவின் நயாகரா சதுக்கத்தில் கூடிய பெருங்கூட்டம் நார்வுட்டைப் பேசச் சொல்லி முழக்கமிட்டது. வசைபாடவல்ல, வரவேற்க. தோற்றுத் திரும்பிய அணிக்கு இப்படி ஒரு வரவேற்பு எளிதில் அமைவதில்லை.

இன்னொன்றும் உண்டு, இதைப் பெரும்பாலும் மறந்துவிடுகிறார்கள். அடுத்த ஆண்டு இறுதிக்கு முந்தைய ஆட்டத்தில் பில்ஸ் டென்வரை வென்றது 10-7 என்ற கணக்கில். அந்த மூன்று புள்ளி இடைவெளி நார்வுட் 44 யார்டிலிருந்து அடித்த ஃபீல்டு கோல். அதே ஆட்டத்தில் டென்வரின் உதைகாரர் மூன்று முறை தவறவிட்டார். பஃபலோவின் இரண்டாவது சூப்பர் பௌல் பயணத்தைச் சாத்தியமாக்கியதும் அதே கால்தான்.

ஒற்றை உதை என்ற விளக்கத்தால் ஒரு ஆட்டத்தை மட்டுமே விளக்க முடியும். 13, 35, 17 புள்ளி இடைவெளியில் தோற்ற மற்ற மூன்றையும் எந்த உதையும் மாற்றியிருக்காது.

வேகம் யாருக்கு வினையானது

அடுத்த விடை பயிற்சியாளர்களும் ஆட்ட நுணுக்கம் பேசுபவர்களும் விரும்புவது. பில்ஸ் ஆடிய முறையே அவர்களைக் கவிழ்த்தது என்பது வாதம்.

வழக்கமாக ஒவ்வொரு முயற்சிக்கும் முன்பு தாக்கும் அணி வட்டமாகக் கூடி, அடுத்து என்ன செய்வது என்று பேசிக்கொள்ளும். பில்ஸ் அதை விட்டுவிட்டது. தாக்குதலை வழிநடத்தி பந்தை எறியும் குவார்ட்டர்பேக் ஜிம் கெல்லி களத்தில் நின்றபடியே திட்டத்தை அறிவிப்பார். எதிரணி ஆள் மாற்ற நேரமில்லாமல் தவிக்கும். சின்சினாட்டி அணி 1980களின் இறுதியில் இதைச் செய்து காட்டியிருந்தது. 1990 ஜனவரியில் கிளீவ்லாண்டிடம் 34-30 என்று தோற்ற நாக்-அவுட் ஆட்டத்தில், பின்தங்கி நின்ற பில்ஸ் இம்முறைக்கு மாறியதும் புள்ளிகள் குவிந்தன. அடுத்த பருவத்தில் தாக்குதல் பயிற்சியாளர் டெட் மார்ச்சிப்ரோடா அதையே அணியின் அன்றாட ஆட்டமாக ஆக்கினார். ‘கே-கன்’ என்று பெயர். கெல்லியின் கே என்றே பலர் நினைத்திருந்தார்கள். உண்மையில் அது ‘டைட் எண்ட்’ நிலையில் ஆடிய கீத் மெக்கெல்லரைக் குறித்தது. 1991 ஜனவரி 20 அன்று லாஸ் ஏஞ்சலிஸ் ரெய்டர்ஸை 51-3 என்று நொறுக்கியது இந்த ஆட்டம்தான்.

ஒரு வாரம் கழித்து ஜயன்ட்ஸ் இதற்கு மருந்து கண்டுபிடித்தது. பந்தைக் கையில் வைத்துக்கொள்வதுதான் அந்த மருந்து. 60 நிமிட ஆட்டத்தில் ஜயன்ட்ஸிடம் பந்து இருந்தது 40 நிமிடம் 33 விநாடி. பில்ஸிடம் 19 நிமிடம் 27 விநாடி. மூன்றாம் கால்பகுதி தொடங்கியதும் ஜயன்ட்ஸ் 14 முயற்சிகளில் 75 யார்டு ஊர்ந்து சென்று, 9 நிமிடம் 29 விநாடிகளை விழுங்கி டச்டவுன் எடுத்தது. அதில் ஒரு முயற்சியைத் தனியாகப் பார்க்க வேண்டும். மூன்றாம் முயற்சி, 13 யார்டு தேவை. பில்ஸ் தடுத்திருக்க வேண்டிய இடம். மார்க் இங்ரம் தேவையான தூரத்துக்கு வெகு முன்பாகவே பந்தைப் பிடித்தார். முதலில் வந்தவர் நழுவினார்; அடுத்தவரைத் திரும்பி ஏமாற்றினார்; அதற்கடுத்தவரும் பிடியை விட்டார். கடைசியில் ஒருவர் காலைப் பிடித்துத் தொங்க, இங்ரம் முன்னால் சரிந்து 14 யார்டு கணக்குக் காட்டினார். பஃபலோவின் தற்காப்பு வீரர்கள் களைத்திருந்தார்கள் என்பதற்கு இந்தக் காட்சியைத்தான் சாட்சியாகக் காட்டுகிறார்கள். தாக்குதல் அணி ஓரிரு நிமிடங்களில் வேலையை முடித்துக்கொண்டு வெளியேறினால், தடுப்பவர்களுக்கு மூச்சுவிட நேரமேது என்பது வாதத்தின் சாரம்.

ஜயன்ட்ஸின் தற்காப்புத் திட்டத்தை வகுத்தவர் அப்போது பெரிதாக அறியப்படாத பில் பெலிசிக். முன்வரிசையில் ஆட்களைக் குறைத்து, பின்னால் கூட்டி, பந்தைப் பிடிக்க ஓடுபவர்களை உடலால் மோதி நிறுத்தும் திட்டம். ஓட்டவீரர் தர்மன் தாமஸ் ஓடுவதானால் ஓடட்டும் என்றே விட்டுவிட்டார்கள். தாமஸும் ஓடினார்: 15 முறை, 135 யார்டு. அந்தத் திட்டக் கையேடு இன்று ஓஹையோ மாநிலம் கேன்டனில் உள்ள ஃபுட்பால் புகழ் மண்டபத்தில் இருக்கிறது.

இங்கே ஒரு எதிர்க்கேள்வி எழுகிறது. இதுவரை எனக்குத் திருப்தியான பதில் தென்படாத கேள்வி. ஒவ்வொரு முறையும் சராசரியாக 9 யார்டு ஓடுகிறவரிடம் பந்தை 15 முறை மட்டும் கொடுத்தது ஏன்? கெல்லி அன்று 30 முறை பந்தை எறிந்தார். அப்படியானால் பிழை வேகத்தில் இல்லை, எறிவதா ஓடுவதா என்ற தேர்வில் இருக்கிறது. வேகமாகவும் ஓடலாம்.

வேக வாதத்தின் இன்னொரு பலவீனம் காலவரிசை. மார்ச்சிப்ரோடா 1991 பருவத்தோடு இண்டியானாபொலிஸுக்குப் போய்விட்டார். டாலஸுடனான இரண்டு தோல்விகளிலும் நேரக் கணக்கு இப்படி ஒருபக்கமாகச் சாயவில்லை. முதல் ஆட்டத்துக்குப் பொருந்தும் விளக்கத்தை மற்ற மூன்றுக்கும் நீட்டியதில்தான் கோளாறு.

எதிரே நின்றவர்கள்

லீக் இரண்டு கான்ஃபரன்ஸ்களாகப் பிரிந்தது. ஒவ்வொன்றின் வாகையரும் சூப்பர் பௌலில் மோதுவார்கள். பஃபலோ இருந்தது ஏஎஃப்சியில். 1984 பருவம் முதல் 1996 பருவம் வரை 13 சூப்பர் பௌல்களையும் தொடர்ந்து வென்றது மறுபக்கமான என்எஃப்சி. 46-10, 42-10, 55-10 என்று வதம் போன்ற ஆட்டங்களும் அவற்றில் உண்டு. டென்வர் மூன்று முறை போய் மூன்று முறையும் வீழ்ந்தது. இந்தப் பின்னணியில் பஃபலோவின் நான்கு தோல்விகள் ஒரு பெரிய சரிவின் நடுத்துண்டு மட்டுமே என்கிறது மூன்றாம் நிலைப்பாடு.

சரிவு ஏன் ஏற்பட்டது என்பதற்கு இரண்டு கிளைகள். ஒன்று ஆட்ட மரபு. 1983இல் புதிய வீரர்களைத் தேர்ந்தெடுத்தபோது முதல் சுற்றில் ஆறு குவார்ட்டர்பேக்குகள் போனார்கள்: எல்வே, பிளாக்லெட்ஜ், கெல்லி, ஈசன், ஓபிரையன், மரீனோ. ஆறு பேரையும் ஏஎஃப்சி அணிகளே எடுத்தன. அந்தக் கான்ஃபரன்ஸ் பந்தை எறியும் கரங்களை நம்பி வளர்ந்தது. எதிர்ப்பக்கம், குறிப்பாக அதன் கிழக்குப் பிரிவு, கனமான முன்வரிசையை நம்பி வளர்ந்தது. பஃபலோவை வீழ்த்திய ஜயன்ட்ஸ், வாஷிங்டன், டாலஸ் மூன்றும் அந்த ஒரே கிழக்குப் பிரிவைச் சேர்ந்தவை. இரண்டாவது கிளை பணம். 1994இல்தான் வீரர்களின் மொத்தச் சம்பளத்துக்கு உச்சவரம்பு வந்தது; அதுவரை பெரும் பணக்கார முதலாளிகள் மாற்று வீரர்களைக்கூட விலை கொடுத்து வைத்துக்கொண்டார்கள் என்பது வாதம். ஆனால் வரம்பு வந்த பிறகும் மூன்று ஆண்டுகள் என்எஃப்சியே வென்றது. பணம் மட்டுமே காரணமென்றால் இது இடிக்கிறது.

மரபு வாதத்துக்கு வலுவான சான்று தாமஸின் ஓட்டக் கணக்கு. ஆள் குறைந்த ஜயன்ட்ஸ் முன்வரிசைக்கு எதிராக 135 யார்டு. அடுத்த மூன்று இறுதிகளில் 13, 19, 37. மூன்றையும் சேர்த்தால் 37 ஓட்டங்களில் 69 யார்டு, அதாவது ஒரு ஓட்டத்துக்கு இரண்டு யார்டுகூட இல்லை. 1991 பருவத்தில் லீகின் மிகச் சிறந்த வீரர் என்று தேர்ந்தெடுக்கப்பட்டவரின் கணக்கு இது! அவருக்கு வழி திறக்க வேண்டிய பில்ஸ் முன்வரிசை பின்னுக்குத் தள்ளப்பட்டது என்பதைத் தவிர வேறு பொருள் கொள்வது கடினம்.

மினியாபொலிஸில் நின்ற வாஷிங்டன் அணியையும் சற்றுப் பார்க்க வேண்டும். 16 ஆட்டங்களில் 14 வெற்றி. தோற்ற இரண்டும் சேர்த்து 5 புள்ளி இடைவெளிதான். எடுத்தது 485 புள்ளி, விட்டுக்கொடுத்தது 224. அதன் குவார்ட்டர்பேக்குகளை எதிரணிகள் பருவம் முழுவதும் மடக்க முடிந்தது வெறும் 9 முறை. லீக் வரலாற்றின் தலைசிறந்த அணிகளில் ஒன்று என்று பலர் இதை எண்ணுவதில் வியப்பில்லை. டாலஸோ, 1989இல் ஓட்டவீரர் ஹெர்ஷல் வாக்கரை மினசோட்டாவுக்குக் கொடுத்து, புதிய வீரர்களைத் தேர்ந்தெடுக்கப் பெற்ற உரிமைகளைக் கொண்டு ஒரு தலைமுறையையே கட்டியிருந்தது.

ஆனால் இந்த நிலைப்பாட்டையும் அப்படியே ஏற்க இயலாது. பில்ஸ் என்எஃப்சி அணிகளை வெல்லத் தெரியாத அணி அல்ல. 1990 டிசம்பரில் இதே ஜயன்ட்ஸை அதன் சொந்த மைதானத்தில் 17-13 என்று வென்றது. 1992 செப்டம்பரில் சான் ஃபிரான்சிஸ்கோவில் 34-31. இரு அணிகளும் ஒருமுறைகூடப் பந்தை உதைத்துக் கைவிட நேராத, லீகின் முதல் ஆட்டம் அது. 1993 செப்டம்பரில் டாலஸிலேயே டாலஸை 13-10 என்று வென்றது. கான்ஃபரன்ஸ் பலவீனம் என்ற சொல் பொத்தாம்பொதுவானது. குறிப்பிட்ட மூன்று அணிகளின் முன்வரிசை பலம் என்று சுருக்கினால் வாதம் நிற்கிறது.

பறிபோன பந்துகள்

சுருக்கமாகச் சொல்லக்கூடிய இன்னொரு விளக்கம், பந்து பறிபோனது. பில்ஸ் நான்கு இறுதிகளில் 17 முறை பந்தை எதிரணியிடம் இழந்தது. இரண்டாவதில் 5, மூன்றாவதில் 9, நான்காவதில் 3. பாசடீனாவில் இழந்த அந்த 9 ஒரு சாதனை எண்ணிக்கை. டாலஸ் அதிலிருந்து மட்டும் 35 புள்ளி எடுத்தது. முதல் இறுதியில் இழப்பு பூஜ்யம். இரு அணிகளும் ஒருமுறைகூடப் பந்தை இழக்காத முதல் சூப்பர் பௌல் அதுதான்.

எண்கள் கச்சிதமாகத்தான் இருக்கின்றன. ஆனால் பந்து பறிபோவது காரணமா, விளைவா? மினியாபொலிஸில் பாதி ஆட்டம் முடிந்தபோது 17-0. இரண்டாம் பாதியின் முதல் முயற்சியிலேயே கெல்லி எறிந்ததை வாஷிங்டன் பிடித்துக்கொள்ள, 16 விநாடியில் 24-0. அதன் பிறகு எறிந்தே தீர வேண்டிய நிலை. அன்று கெல்லி எறிந்தது 58 முறை, எதிரணி பிடித்தது நான்கு. பின்தங்கியதால் எறிந்தார், எறிந்ததால் இழந்தார். பாசடீனாவில் வேறு கதை. 7-0 என்று முன்னிலை எடுத்தது பில்ஸ்தான். பிறகு அடுத்தடுத்து இழந்த இரண்டு பந்துகள் 15 விநாடி இடைவெளியில் இரண்டு டச்டவுன்களாயின. இரண்டாம் கால்பகுதியில் கெல்லியே காயத்தோடு வெளியேறினார். அங்கே இழப்பு முன்பும் சரிவு பின்பும் வந்தது.

மனமும் நகரமும்

தென்னாப்பிரிக்க கிரிக்கெட் அணியைப் பற்றி நம் ரசிகர்கள் சொல்வதை பஃபலோவைப் பற்றி அமெரிக்கா பத்தாண்டுகள் சொன்னது: பெரிய ஆட்டம் வந்தால் கை நடுங்குகிறது. இதற்குக் காட்டப்படும் சான்றுகள் சில்லறை நிகழ்ச்சிகள். மினியாபொலிஸில் தாமஸ் வழக்கமாகத் தலைக்கவசத்தை வைக்கும் இடத்திலிருந்து அது நகர்த்தப்பட்டுவிட, முதல் இரண்டு முயற்சிகளுக்கு அவரால் களமிறங்க முடியவில்லை. அதே வாரத்தில் பில்ஸின் பயிற்சியாளர் ஒருவர் வாஷிங்டன் முன்வரிசையைக் கேலி செய்து பேசியதை, எதிரணிப் பயிற்சியாளர் ஜோ கிப்ஸ் தன் வீரர்களுக்குக் காட்டிச் சூடேற்றினார். தலைமைப் பயிற்சியாளர் மார்வ் லெவி மீது, வீரர்களை அதிகம் நம்பி விட்டுவிட்டார் என்ற குறை உண்டு. ஹார்வர்டில் முதுகலை படித்த, கடிந்து பேசாத மனிதர். கனடாவில் மான்ட்ரியால் அணிக்கு 1974, 1977 ஆண்டுகளில் கோப்பை வென்று கொடுத்தவர். இறுதி ஆட்டத்தை வெல்லத் தெரியாதவர் என்று அவரைச் சொல்ல இடமில்லை.

தலைக்கவசம் தொலைந்தது நல்ல கதை. ஆனால் 13 புள்ளித் தோல்வியை இரண்டு முயற்சிகள் விளக்காது. மன உறுதி இல்லை என்ற குற்றச்சாட்டுக்கு எதிரான சான்றுகளோ கனமானவை. 1993 ஜனவரி 3 அன்று ஹியூஸ்டனுக்கு எதிராக 35-3 என்று பின்தங்கிய பில்ஸ், மாற்று குவார்ட்டர்பேக் ஃபிராங்க் ரைக்கை வைத்துக்கொண்டு கூடுதல் நேரத்தில் 41-38 என்று வென்றது. அதே மாதம் பாசடீனாவில், தோல்வி உறுதியாகி நெடுநேரம் ஆனபின், டாலஸின் லியான் லெட் பந்தைப் பொறுக்கிக்கொண்டு வெறும் மைதானத்தில் ஓடினார். கோட்டுக்குச் சற்று முன்னால் கையை நீட்டிக் கொண்டாடத் தொடங்கியவரின் பின்னாலிருந்து பில்ஸின் டான் பீபி பாய்ந்து வந்து பந்தைத் தட்டிவிட்டார். 35 புள்ளி பின்தங்கிய ஆட்டத்தில் ஒருவர் அப்படி ஓடவேண்டிய அவசியமே இல்லை.

ஊரோடு முடிச்சுப்போடும் விளக்கமும் இதன் உறவினர்தான். 1950இல் 5,80,132 பேர் வாழ்ந்த பஃபலோவில் 1990இல் இருந்தவர்கள் 3,28,123 பேர். அருகிலுள்ள லாக்கவானாவில் பெத்லஹேம் ஸ்டீல் 1983இல் எஃகு உருக்குவதை நிறுத்தியது. வீழும் நகரம், வீழும் அணி என்று எழுதப் பத்திரிகையாளர்களுக்குக் கை துறுதுறுக்கத்தான் செய்யும். ஆனால் அந்த நகரத்தின் அணி அப்போது நாட்டின் மிகச் சிறந்த இரண்டு மூன்று அணிகளில் ஒன்று. பொருளாதாரச் சரிவு மூன்றாம் கால்பகுதியில் மட்டும் எப்படி வேலை செய்யும் என்பதை எவரும் விளக்கியதில்லை.

தற்செயலின் பங்கு

நான்கு ஆட்டங்களும் பூவா தலையா போலச் சம வாய்ப்புள்ளவை என்று கொண்டால், நான்கிலும் தோற்க வாய்ப்பு பதினாறில் ஒன்று. ஆனால் அவை சமமல்ல. முதல் ஆட்டத்தில் பந்தயச் சந்தை பஃபலோவுக்கு ஏறக்குறைய 7 புள்ளி முன்னுரிமை கொடுத்தது. அடுத்த இரண்டில் ஏறக்குறைய அதே அளவு எதிரணிக்கு. நான்காவதில் டாலஸுக்கு 10 புள்ளிக்கு மேல். இதைத் தோராயமான நிகழ்தகவாக மாற்றினால், பில்ஸின் தோல்வி வாய்ப்பு முறையே 30, 70, 70, 80 சதவீதம். பெருக்கினால் கிட்டத்தட்ட 12 சதவீதம், அதாவது எட்டில் ஒன்று. அபூர்வம், ஆனால் சாபம் தேவைப்படும் அளவுக்கு அபூர்வமல்ல.

டாம்பா ஆட்டத்தில் தற்செயல் எவ்வளவு மெல்லிய இழையில் ஊசலாடியது என்பதற்கு நார்வுட்டின் உதையைவிட நல்ல சான்று ஒன்று உண்டு. இரண்டாம் கால்பகுதியில் பஃபலோ 10-3 என்று முன்னிலை. காயமடைந்த ஃபில் சிம்ஸுக்குப் பதிலாக ஆடிய ஜயன்ட்ஸ் குவார்ட்டர்பேக் ஜெஃப் ஹாஸ்டெட்லரை, அவருடைய எல்லைக்கோட்டுக்குப் பின்னால் வைத்தே பில்ஸின் தற்காப்பு வீரர் புரூஸ் ஸ்மித் பிடித்துவிட்டார். பந்திருந்த மணிக்கட்டே ஸ்மித்தின் கையில். ஹாஸ்டெட்லர் எப்படியோ பந்தை உடம்போடு இழுத்துக்கொண்டு விழுந்தார். பஃபலோவுக்கு 2 புள்ளி. பந்து கைநழுவியிருந்தால் டச்டவுனாகி 17-3 ஆகியிருக்கக்கூடும்; பிறகு நிதானமாக ஊரும் ஜயன்ட்ஸின் திட்டத்துக்கு நேரமே இருந்திருக்காது. உதையைப் பற்றி எழுதப்பட்டதில் நூறில் ஒரு பங்குகூட இதைப் பற்றி எழுதப்படவில்லை.

1964, 1965 எந்தக் கணக்கில்?

பஃபலோ இறுதி ஆட்டங்களை வென்றதே இல்லை என்ற வாக்கியம் தவறு. தனி லீகாக இருந்த ஏஎஃப்எல்லில், லூ சேபன் பயிற்சியில், ஜாக் கெம்ப் குவார்ட்டர்பேக்காக இருந்தபோது 1964லும் 1965லும் சான் டியேகோவை 20-7, 23-0 என்று வென்று பட்டம் பெற்றது. அந்த வாகையர் மறு லீகின் வாகையரோடு மோதும் ஏற்பாடு 1966 பருவத்தில்தான் வந்தது. அந்தப் பருவ இறுதியில், 1967 ஜனவரி 1 அன்று, பஃபலோ தன் சொந்த மைதானத்தில் கான்சஸ் சிட்டியிடம் 31-7 என்று தோற்றது. முதல் சூப்பர் பௌலுக்குப் போனது கான்சஸ் சிட்டி. ஒரு ஆண்டு முன்னதாக அந்த ஏற்பாடு வந்திருந்தால் ‘சூப்பர் பௌல் கண்ட பஃபலோ’ என்ற வரலாறு வேறிடத்தில் தொடங்கியிருக்கும்.

இன்னும் தீராதவை

இவ்வளவையும் வைத்துப் பார்க்கையில், நான்கு தோல்விகளையும் ஒரே கயிற்றில் கட்டுவது பொருந்தாது என்றே படுகிறது. டாம்பாவில் திட்டமும் தற்செயலும். மினியாபொலிஸில் எதிரே நின்றது தெளிவாகவே மேலான அணி. பாசடீனாவிலும் அப்படித்தான், இழந்த பந்துகள் தோல்வியை வெட்கக்கேடாக ஊதிப் பெருக்கின. மன பலவீனம் என்ற விளக்கத்துக்கு ஆதாரம் மிகக் குறைவு. 2015இல் வெளியான ‘ஃபோர் ஃபால்ஸ் ஆஃப் பஃபலோ’ ஆவணப்படத்துக்கு முன்பும் பின்பும், பொதுக் கருத்தே கேலியிலிருந்து மரியாதைக்கு நகர்ந்திருக்கிறது. லெவி, கெல்லி, தாமஸ், புரூஸ் ஸ்மித், பந்தைப் பிடிக்கும் வீரர்களான ஆண்ட்ரே ரீட், ஜேம்ஸ் லாஃப்டன், அணியைக் கட்டிய பில் போலியன், உரிமையாளர் ரால்ஃப் வில்சன் எல்லோரும் புகழ் மண்டபத்தில் இருக்கிறார்கள். ஆனால் மரியாதை கூடுவதால் காரணம் தெளிவாகிவிடாது.

தெளிவாகாதவற்றுள் முதன்மையானது களைப்புக் கேள்வி. வேக ஆட்டம் தன் தற்காப்பையே தளர்த்துகிறதா என்பதை அளக்க, நேரத்தைவிட, தடுப்பவர்கள் அடுத்தடுத்துச் சந்தித்த முயற்சிகளின் எண்ணிக்கையும் ஆள் மாற்றமும் தேவை. பில்ஸின் வழக்கமான ஆட்டங்கள் 64ஐயும் அப்படிப் பிரித்துப் பார்க்காமல் இங்ரமின் ஒரு ஓட்டத்தை மட்டும் சான்றாக்குவது அவசரம்.

இன்றைய பஃபலோவை இதே கணக்கில் சேர்ப்பதும் அவசரம்தான். குவார்ட்டர்பேக் ஜாஷ் ஆலனின் அணி 2021, 2022, 2024, 2025 ஜனவரிகளில் கான்சஸ் சிட்டியிடம் நான்கு முறை வீழ்ந்தது. 2024இல் டைலர் பாஸின் 44 யார்டு உதை வலப்பக்கம் விலகியதும் பழைய பெயரைத் தூசு தட்டி எடுத்தார்கள். ஆனால் அவை இறுதிக்கு முன்பான நாக்-அவுட் ஆட்டங்கள். நான்கிலும் எதிரி ஒன்றே. 1990 முதல் 1993 வரையிலான அந்த நான்கு பருவங்களில் பஃபலோ ஒருமுறைகூடத் தோற்காத கட்டம் அதுதான்.

மிகக் கடினமானது அட்லான்டா ஆட்டம். அங்கே பாதி ஆட்டத்தில் பஃபலோ 13-6 என்று முன்னிலையில் இருந்தது. மூன்றாம் கால்பகுதியில் தாமஸ் நழுவவிட்ட பந்தை டாலஸின் தற்காப்பு வீரர் ஜேம்ஸ் வாஷிங்டன் 46 யார்டு கொண்டுபோய் 13-13 ஆக்கினார். அடுத்த முறை டாலஸிடம் பந்து வந்தபோது எட்டு முயற்சிகளில் ஏழு அதன் ஓட்டவீரர் எமிட் ஸ்மித்தின் ஓட்டம், 64 யார்டில் 61 அவருடையது, முடிவில் டச்டவுன். இரண்டாம் பாதி 24-0. பில்ஸ் நொறுங்கியது அந்த நழுவலாலா, அதற்குப் பின் வந்த ஏழு ஓட்டங்களாலா என்பதைப் பிரித்துக் காட்ட வழியில்லை. நான்கு மாதங்களுக்கு முன் இதே டாலஸைப் பஃபலோ வென்றபோது, ஒப்பந்தத் தகராறில் ஸ்மித் அணியிலேயே இல்லை. முன்வரிசை வாதத்தை ஏற்பவர்கள்கூட இந்த ஒருவருக்கு எவ்வளவு எடை கொடுப்பது என்பதில் ஒத்துப்போவதில்லை.